ரயில் காட்டிய மதுரை

சினிமா பேசத் தொடங்குமுன் கதையே இல்லாத படங்களுக்கும் கூட்டம் கூடியது. எங்கோ ஓர் ஊரின் தெரு, ஆறு, சந்தை. சில நிமிடம் ஓடும், அவ்வளவுதான். ரயில் எஞ்சின் முகப்பில் கேமராவைப் பொருத்தி, தண்டவாளமும் குகையும் எதிரே பாய்ந்து வருவதையும் எடுத்தார்கள். 1905இல் அமெரிக்காவின் கான்சாஸ் சிட்டியில் ஜார்ஜ் ஹேல் என்பவர் அரங்கத்தையே ரயில் பெட்டியாக அமைத்தார். பெட்டி குலுங்கும், சக்கரம் தடதடக்கும், திரையில் தூரதேசம் ஓடும்.

நம் பக்கத்திலும் படத்துக்கும் ரயிலுக்கும் உறவு உண்டு. திருச்சியில் தென்னிந்திய ரயில்வே ஊழியராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், அதே 1905இல் டூபான் என்ற பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டரும் படங்களும் வாங்கிக்கொண்டு, வேலையை உதறிவிட்டு ஊர் ஊராகக் கூடாரம் போட்டுக் காட்டினார்.

மதுரைக்கு ரயில் வந்தது 1875இல். ஆனால் எதைப் பார்க்க வேண்டும் என்பது அதற்கு முன்பே முடிவாகிவிட்டது. 1792இல் ஆங்கில ஓவியர்களான டேனியல்கள் வரைந்தார்கள். 1858இல் லின்னேயஸ் டிரைப் புகைப்படம் எடுத்தார். மீனாட்சி கோயில் கோபுரம், பொற்றாமரைக் குளம், திருமலை நாயக்கர் மகால், தெப்பக்குளம். 1900இல் தென்னிந்திய ரயில்வேக்குப் படங்களுடன் வழிகாட்டி நூலே வந்தது. இயற்கை அழகு தேடியவர்கள் மதுரைக்கு முன்பே கொடை ரோட்டில் இறங்கி மலையேறிவிட்டார்கள். வைகைச் சமவெளியின் வயலும் பனையும் ஜன்னலோரக் காட்சியோடு சரி.

கேமராவுக்கும் ஒரு வரம்பு இருந்தது. அக்காலப் படச்சுருளுக்கு நல்ல வெயில் வேண்டும். கோயிலின் ஆயிரங்கால் மண்டபம் போன்ற இருண்ட இடத்தில் எதுவும் சரியாகப் பதியாது. ஆகவே கோயில் ஊர் எதுவானாலும் கேமராவுக்குக் கிடைத்தது கோபுரமும் குளக்கரையும் தேர் ஓடும் வீதியும்தான். சிவப்பை அந்தச் சுருள் உணராது. நெற்றிக் குங்குமம் கறுப்பாகத் தெரியும்!

அழகை விற்கும் படத்தில் அகப்படாதது இன்னொன்று: கோயிலுக்குள் யார் போகலாம், யார் போகக்கூடாது என்பது. பிரெஞ்சு எழுத்தாளர் பியர் லோட்டி மீனாட்சி கோயிலுக்கு வந்து அம்மனின் நகைகளையே பார்த்துவிட்டு, அதை 1903இல் வெளியான நூலில் எழுதினார். உள்ளூர் நாடார்களும் ஒடுக்கப்பட்ட மக்களும் அப்போது கோயில் வாசலுக்கு வெளியே நின்றார்கள். விடுதலைப் போராட்ட வீரர் வைத்தியநாத ஐயர் அவர்களில் சிலரை உள்ளே அழைத்துச் சென்றது 1939 ஜூலை 8 அன்று.

2018 முதல் கோயிலுக்குள் செல்போனுக்குத் தடை. படம் வேண்டுமானால் சித்திரை வீதியில் நின்று கோபுரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஆயிரங்கால் மண்டபத்துக்கு மட்டும் அவசரப்படாமல் ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள்.