பழைய உட்கூரையும் கல்நாரும்

பெருநாள் அண்மித்துவிட்டால் தோப்பூரிலே வீடுகளுக்கு வெள்ளையடிப்பது வழக்கம். சுவரோடு நின்றாற் பாதகமில்லை. ஏணியில் ஏறி, உப்புக் காற்றிலே பொரிந்துபோன சீலிங்கையும் கம்பிப் பிரஷ் கொண்டு சுரண்டுகின்றார்களே, அதைப் பற்றியே இன்று பேசுகின்றேன்.

நம் பழைய வீடுகள் பலவற்றில் அந்த உட்கூரை அஸ்பெஸ்டஸ் தகட்டினால் ஆனது. அஸ்பெஸ்டஸுக்குக் கல்நார் என்று நல்ல தமிழ்ப் பெயர் உண்டு. கல்லாயிருந்தும் நாராகப் பிரிவது அது. தகட்டினுள்ளே அந்நார் சீமெந்தோடு கட்டுண்டு கிடக்கும்வரை வீட்டாருக்குத் தீங்கு மிகச் சிறிது. சுரண்டினாலோ, துளைத்தாலோ, உடைத்தாலோ, கண்ணுக்குப் புலனாகாத நார்கள் தூசியாய் எழுந்து நுரையீரலின் ஆழம்வரை செல்கின்றன. நுரையீரற் புற்றுநோயும், அதனைச் சூழ்ந்த மென்படலத்தின் புற்றுநோயும் இதனால் விளைகின்றன என்பது உலக சுகாதார நிறுவனத்தின் முடிவு. நோய் தலைகாட்ட 20, 30, 40 ஆண்டுகளும் செல்லும். ஒரு நாளைத் தூசி எல்லாரையும் நோயாளியாக்கிவிடாது, உண்மைதான். ஆனால், கூலிக்காக வீடு வீடாய்ச் சென்று சுரண்டுகின்ற இளைஞனுக்கு அது ஒரு நாளைத் தூசியா?

பிரித்தானியாவில் 1980களின் நடுப்பகுதி வரை உட்கூரைக்குப் பூசிய ஆர்ட்டெக்ஸ் என்ற புடைப்புச் சாந்திலும் வெண்கல்நார் கலந்திருந்தது. அந்நாடு 1999இல் கல்நாரை முற்றாகத் தடைசெய்தது. எனினும் பழைய கூரைகளை இடித்தெறியச் சொல்லவில்லை. நல்ல நிலையில் உள்ளதைக் கலைக்காது விடுக, வேண்டுமாயின் வர்ணம் பூசி மூடுக என்பதே அங்குள்ள அறிவுரை. இலங்கையும் 2018 முதல் கல்நார் இறக்குமதியைக் கட்டுப்படுத்த முடிவுசெய்திருந்தது. கல்நாரை நமக்கு விற்கும் ரஷ்யா, 2017 டிசம்பரில், ஒரு வண்டைக் காரணங்காட்டி நம் தேயிலையைத் தடுத்தது. நமது முடிவும் ஒத்திப்போயிற்று. வண்டின் வல்லமையே வல்லமை!

ஆகவே, மூடும் முறையைக் கூறுகின்றேன். முதலில் மேற்கூரையின் ஒழுக்கை நிறுத்துக. இன்றேல் அடுத்த மாரியிலே வர்ணம் உரிந்து விழும். மின்சாரத்தை நிறுத்திவிட்டு, ஈரத்துணியால் மெல்லத் துடைத்து, நன்றாய் உலரவிடுக. பின்னர் ரோலரினால் ஒரு முதற்பூச்சும், அதன்மேல் எமல்ஷன் இரண்டு பூச்சும் கொடுக்கலாம். மண்தாள் வேண்டா; மின்விசிறிக்கென்று புதிய துளையும் வேண்டா. முகத்திலே கட்டும் கைக்குட்டை இந்நாரைத் தடுக்காது. பொடிந்து உதிரும் தகட்டையோ வர்ணம் காப்பாற்றாது. பழக்கமுள்ளோரைக் கொண்டு, நனைத்து, உடையாமல் முழுத் தகடாகவே இறக்குவிக்க வேண்டும்.

உடைந்த துண்டுகளை வேலியடியிற் சாய்ப்பதும், சேற்றுப் பாதையிலே பரப்பி மிதிப்பதும் கூடா. அவற்றை நனைத்துத் தடித்த பொலித்தீன் பையிலிட்டுக் கட்டி, எங்கே ஒப்படைப்பது என்று பிரதேச சபையிற் கேட்டறிக. நிலத்தைப் பெருக்காது ஈரத்துணியால் ஒற்றியெடுத்து, அத்துணியையும் அதே பையில் இட்டுவிடுக.