விபத்தில் தம் பேரிலும் தவறு இருந்தால் நஷ்ட ஈடு கிடையாதா?

இத்தலார் வட்டாரத்துச் சிறு விவசாயிகள் பசுந்தேயிலையைத் தொழிற்சாலைக்குக் கொண்டு சேர்ப்பதும், உருளைக்கிழங்கு, காரட், பூண்டு மூட்டைகளை மண்டிக்கு அனுப்புவதும் வளைவுகள் நிறைந்த குறுகிய சாலைகள் வழியாகத்தான். மழைக் காலத்தில் பட்டப்பகலிலேயே பனிமூட்டம் வழியை மறைத்துவிடும். இத்தகைய சாலையில் இரண்டு வண்டிகள் மோதிக் கொண்டால், தவறு முழுவதும் ஒருவர் பக்கமே இருப்பது அரிது. லாரி வளைவில் வேகமாக வந்திருக்கும். எதிரே ஸ்கூட்டரில் வந்தவர் விளக்குப் போடாமலோ, கால் வைக்கும் இடத்தில் மூட்டையை அடுக்கிக் கொண்டோ வந்திருப்பார்.

அடிபட்ட பிறகு பலர், “நம் பேரிலும் தப்பு இருக்கிறது, கோர்ட்டுக்குப் போனால் நாமே மாட்டிக் கொள்வோம்” என்று பேசாமல் இருந்து விடுகின்றனர். எதிர்த்தரப்பார் கொடுக்கும் சிறு தொகையை வாங்கிக் கொண்டு கையெழுத்துப் போட்டு விடுவதும் உண்டு. இது தேவையற்ற பயம். அடிபட்டவரின் தவறு நஷ்ட ஈட்டைக் குறைக்குமே தவிர, அதை அடியோடு இல்லாமல் செய்து விடாது. எவ்வளவு குறையும், எப்போது குறையாது என்பதை விவசாயிகள் தெரிந்து வைத்திருப்பது நல்லது.

பழைய சட்டமும் இன்றைய சட்டமும்

முற்காலத்தில் நிலைமை வேறாக இருந்தது. 1809-ஆம் ஆண்டு இங்கிலாந்தில் ஒரு வழக்கு. ஒருவர் சாலையின் குறுக்கே கம்பத்தைப் போட்டு வைத்திருந்தார். மாலை மங்கிய நேரத்தில் குதிரையில் வேகமாக வந்தவர் அதில் மோதி விழுந்தார். கவனித்து வந்திருந்தால் கம்பம் கண்ணில் பட்டிருக்கும் என்று சொல்லி, அவருக்கு ஒன்றுமே கொடுக்காமல் கோர்ட்டு அனுப்பி விட்டது. சிறிதளவு தவறு இருந்தாலும் முழுத் தொகையும் போய்விடும் என்பதே அன்றைய நியாயம்.

1842-இல் இன்னொரு வழக்கு வந்தது. ஒருவர் தம் கழுதையின் முன்னங்கால்களைக் கட்டி, சாலையோரம் மேயவிட்டிருந்தார். வேகமாக வந்த ஒரு வண்டி அதை மோதிக் கொன்றுவிட்டது. சாலையில் கழுதையைக் கட்டி விட்டது தவறே ஆனாலும், வண்டிக்காரர் சாதாரண கவனத்தோடு ஓட்டியிருந்தால் மோதாமல் தப்பியிருக்கலாம் என்று கூறி, கழுதைக்காரருக்கு நஷ்ட ஈடு வழங்கப்பட்டது. பின்னர் 1945-இல் அந்நாட்டில் சட்டமே மாறியது. அவரவர் தவறுக்குத் தக்கபடி தொகையைப் பங்கிட வேண்டும் என்று ஆயிற்று.

நம் நாட்டில் கேரள மாநிலம் 1976-இல் இதற்கெனத் தனிச் சட்டம் செய்தது. மற்ற மாநிலங்களிலும் கோர்ட்டுகள் இதே முறையைப் பின்பற்றி வருகின்றன. மொத்த நஷ்டத்தை முதலில் கணக்கிட்டு, அடிபட்டவரின் தவறு நூற்றுக்கு எத்தனை என்று முடிவு செய்து, அந்த அளவை மட்டும் கழித்துக் கொடுக்கின்றன.

கணக்கு எப்படி?

42 வயதுள்ள ஒரு விவசாயியை எடுத்துக்காட்டாக வைத்துக் கொள்வோம். மாத வருமானம் ரூ. 12,000. கால் முறிந்து, சம்பாதிக்கும் திறனில் 20 சதவிகிதம் நிரந்தரமாகக் குறைந்து விட்டது. மாதம் ரூ. 2,400 வீதம் ஆண்டுக்கு ரூ. 28,800 நஷ்டம். உச்ச நீதிமன்றம் 2009-இல் சரளா வர்மா வழக்கில் வகுத்த அட்டவணைப்படி 41 முதல் 45 வயது வரை பெருக்கு எண் 14. ஆகவே வருமான இழப்பு ரூ. 4,03,200. வைத்தியச் செலவு ரூ. 60,000, நான்கு மாதம் வேலை செய்ய முடியாமல் போனது ரூ. 48,000, வலிக்கும் வேதனைக்கும் ரூ. 40,000 என்று கொண்டால் மொத்தம் ரூ. 5,51,200 ஆகிறது.

அவர் பேரில் 25 சதவிகிதத் தவறு என்று முடிவானால் ரூ. 1,37,800 கழியும். மீதி ரூ. 4,13,400 அவருக்கு வந்து சேர வேண்டியது. பயந்து பேசாமல் இருந்தால் இழப்பது இந்தத் தொகைதான்.

இங்கே மலை விவசாயிகள் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. ஊனம் எத்தனை சதவிகிதம் என்று டாக்டர் எழுதுவது ஒன்று. அதனால் தொழில் எவ்வளவு கெட்டது என்பது வேறு. இரண்டாவதையே பார்க்க வேண்டும் என்று 2010-இல் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. மேசை முன் உட்கார்ந்து வேலை செய்பவருக்குக் கால் சற்றுத் தாங்கினால் பெரிய நஷ்டமில்லை. சரிவான தோட்டத்தில் தேயிலை பறித்து மூட்டை சுமப்பவருக்கு அதே கால் வாழ்வையே பாதிக்கும். இதைக் கோர்ட்டில் எடுத்துச் சொல்ல வேண்டும்.

எது தவறு, எது தவறு ஆகாது?

சட்டத்தை மீறிய ஒவ்வொரு செயலும் விபத்துக்குக் காரணம் ஆகிவிடாது. அந்தச் செயலால்தான் விபத்து நேர்ந்தது, அல்லது அதனால்தான் காயம் அதிகமாயிற்று என்று எதிர்த்தரப்பு காட்ட வேண்டும்.

ஒரே மோட்டார் சைக்கிளில் மூன்று பேர் சென்றதற்காக ஹைக்கோர்ட்டு 10 சதவிகிதம் பிடித்த ஒரு வழக்கு (முகமது சித்திக் வழக்கு) 2020-இல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. பின்னாலிருந்து கார் மோதிய அவ்விபத்தில், மூன்று பேர் அமர்ந்திருந்ததற்கும் மோதலுக்கும் தொடர்பு காட்டப்படவில்லை என்று கூறி அந்தக் கழிவை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அதேபோல் லைசென்ஸ் இல்லை என்பது ஒன்றினால் மட்டும் ஒருவர் விபத்துக்குக் காரணமாகி விடமாட்டார் என்று 2008-இல் சுதீர் குமார் ராணா வழக்கில் தீர்ப்பாயிற்று. லைசென்ஸ் இல்லாமல் ஓட்டுவது குற்றமே. அதற்குரிய தண்டனை தனி.

பஸ் ஜன்னலில் முழங்கையை வைத்திருந்த பயணி மீது எதிரே வந்த லாரி உரசிய வழக்கில், பயணிகள் அப்படி வைப்பது வழக்கம், டிரைவர்தான் இடம் விட்டு ஓட்ட வேண்டும் என்று மத்தியப் பிரதேச ஹைக்கோர்ட்டு கூறியது.

மாறாக, எதிர்ப்புறத்தில் ஏறி ஓட்டுவது, வளைவில் முந்துவது, குடித்துவிட்டு ஓட்டுவது, இருட்டில் விளக்கில்லாமல் வருவது ஆகியவை விபத்துக்கு நேரான காரணங்கள். இவற்றுக்குக் கழிவு உண்டு. ஹெல்மெட் போடாமல் தலையில் அடிபட்டால் கழிவு செய்யும் தீர்ப்புகளும் உண்டு. மலைச் சாலையில் இரு வண்டிகளுக்கு இடம் போதாவிட்டால், இறங்கும் வண்டிதான் ஏறும் வண்டிக்கு வழிவிட வேண்டும் என்பது விதி. யார் ஏறினார், யார் இறங்கினார் என்பதை ஆரம்பத்திலேயே போலீசாரிடம் தெளிவாகச் சொல்ல வேண்டும்.

பின்னால் அமர்ந்தவரும் சுமை வண்டியில் செல்பவரும்

ஸ்கூட்டரில் பின்னால் அமர்ந்து சென்ற மனைவியோ, மகனோ, பக்கத்துத் தோட்டக்காரரோ அடிபட்டால், ஓட்டியவரின் தவறு அவர்கள் தலையில் ஏறாது. ஸ்கூட்டர், லாரி இரண்டின் பேரிலும் தவறு என்றால், பின்னால் அமர்ந்தவர் முழுத் தொகையையும் இவ்விருவரில் எவரிடமும் கேட்டு வாங்கலாம் என்று 2015-இல் கென்யெய் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. ஓட்டியவர் தம் காயத்துக்குக் கேட்கும்போதுதான் அவருடைய பங்கு கழியும்.

தேயிலை ஏற்றிய பிக்கப் வண்டியில் செல்வோர் ஒன்றை அறிய வேண்டும். சரக்குக்குச் சொந்தக்காரர் அல்லது அவருடைய ஆள் என்ற முறையில் செல்பவருக்கு, 1994-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின் இன்சூரன்ஸ் பாதுகாப்பு உண்டு. ஆனால் அவர் டிரைவர் அருகே கேபினில் அமர்ந்து செல்ல வேண்டும். மூட்டைகளின் மேல் அமர்ந்து செல்பவருக்கும், சரக்கில் சம்பந்தமில்லாமல் சும்மா ஏறிக்கொண்டவருக்கும் இன்சூரன்ஸ் கம்பெனி கைவிரித்து விடலாம். பிறகு வண்டிச் சொந்தக்காரரைத்தான் தேட வேண்டியிருக்கும்.

தவறு பெரிதாக இருந்தால்?

தம் பேரில்தான் பெரும் பங்கு என்று தோன்றினாலும் வழி அடைந்து விடவில்லை. மோட்டார் வாகனச் சட்டம் 164-ஆம் பிரிவின்படி, யார் தவறு என்று நிரூபிக்காமலே, மரணத்துக்கு ரூ. 5 லட்சமும் கொடுங்காயத்துக்கு ரூ. 2.5 லட்சமும் கேட்கலாம். இது 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ளது. எலும்பு முறிவு கொடுங்காயத்தில் சேரும். ஆனால் இந்தத் தொகையை வாங்கிக் கொண்டால், 166-ஆம் பிரிவில் போட்ட பெரிய மனு அத்துடன் முடிந்துவிடும். ஆகவே எது லாபம் என்று வக்கீலுடன் கணக்குப் பார்த்த பின்னரே முடிவு செய்ய வேண்டும்.

எதிர் வண்டியே இல்லாமல் தாமே சறுக்கி விழுந்தவர், தம் இன்சூரன்ஸ் பத்திரத்தில் சொந்தக்காரர்-ஓட்டுநருக்கான ரூ. 15 லட்சம் விபத்துப் பாதுகாப்பு எடுக்கப்பட்டுள்ளதா என்று பார்க்க வேண்டும். இது மரணத்துக்கும் நிரந்தர ஊனத்துக்கும் உரியது. இதற்குச் செல்லத்தக்க லைசென்ஸ் அவசியம்.

சிகிச்சைக்கு யார் தவறு என்ற கேள்வியே கிடையாது. 2025 மே மாதம் அறிவிக்கப்பட்ட மத்திய அரசுத் திட்டப்படி, இதற்கென அமைந்த ஆஸ்பத்திரிகளில் ஏழு நாள் வரை ரூ. 1.5 லட்சம் அளவுக்குக் கட்டணமின்றிச் சிகிச்சை பெறலாம். தமிழக அரசின் ‘இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48’ திட்டம் 2021-இல் துவங்கியது. இது முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்கு உதவுகிறது.

செய்ய வேண்டியவை

ஆஸ்பத்திரியில் முதலில் சொல்லும் வார்த்தையே முக்கியம். போலீஸ் தொல்லை வேண்டாம் என்று, “தானாகக் கீழே விழுந்து விட்டேன்” என்று சொன்னால், அது விபத்துப் பதிவேட்டில் ஏறிவிடும். பின்னர் இன்சூரன்ஸ் கம்பெனியின் வக்கீல் அதையே எடுத்துக் காட்டுவார். என்ன வண்டி மோதியது, எங்கே மோதியது என்று உள்ளபடி சொல்ல வேண்டும்.

தம் தவறை மறைத்துப் பொய் சொல்வதும் கூடாது. விளக்குப் போடவில்லை என்பது மகஜரிலோ, சாட்சியின் வாக்குமூலத்திலோ வெளிப்பட்டால், மற்ற உண்மைகளையும் கோர்ட்டு நம்பாது. 15 சதவிகிதத்தில் முடிய வேண்டியது 50 ஆகிவிடக்கூடும்.

முதல் தகவல் அறிக்கை நகல், விபத்துப் பதிவேட்டு நகல், காயச் சான்று, மருந்துக் கடை பில்கள், எக்ஸ்ரே, இடத்தின் படங்கள், பார்த்தவர்களின் பெயர் ஆகியவற்றைச் சேர்த்து வைக்க வேண்டும். வருமானத்துக்குத் தேயிலைத் தொழிற்சாலை தந்த பசுந்தேயிலை ரசீதுகள், பாங்க் பாஸ் புத்தகம், மண்டிச் சீட்டு ஆகியவை நல்ல ஆதாரம். இத்தலார் கூட்டுறவுத் தேயிலைத் தொழிற்சாலை போன்ற இடங்களில் இலை போடுவோர் ரசீதுகளைத் தூக்கி எறியாமல் மாதவாரியாகக் கட்டி வைப்பது நல்லது.

போலீசார் அடிபட்டவர் பேரிலேயே வழக்குப் பதிவு செய்தாலும், லாரி டிரைவர் கிரிமினல் வழக்கில் விடுதலையானாலும் மனம் தளர வேண்டாம். தமிழ்நாட்டில் ஒரு பஸ் உயர் அழுத்த மின்கம்பியில் பட்டு 8 பேர் அங்கேயே இறந்த விபத்தில், டிரைவர் கிரிமினல் வழக்கில் விடுதலையான போதிலும் நஷ்ட ஈட்டை உச்ச நீதிமன்றம் 1980-இல் உறுதி செய்தது. என்.கே.வி. பிரதர்ஸ் எதிர் கருமாயி அம்மாள் என்பது அவ்வழக்கு. கிரிமினல் வழக்குக்கு வேண்டிய அளவு கடுமையான நிரூபணம் நஷ்ட ஈட்டு வழக்குக்குத் தேவையில்லை.

மனுவை விபத்து நடந்த இடத்துக்குரிய தீர்ப்பாயத்திலோ, அடிபட்டவர் குடியிருக்கும் பகுதிக்குரிய தீர்ப்பாயத்திலோ கொடுக்கலாம். வெளியூரில் அடிபட்ட இத்தலார் விவசாயி உதகையிலேயே மனுச் செய்யலாம். விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் மனுச் செய்ய வேண்டும் என்பது 2022 ஏப்ரல் முதல் உள்ள விதி. இவ்விதியை எதிர்த்த வழக்குகளில், தாமதம் என்பதற்காக மனுக்களைத் தள்ள வேண்டாம் என்று 2025 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவு இட்டது. இருப்பினும் அதை நம்பி நாளைக் கடத்தாமல் ஆறு மாதத்துக்குள் முடிப்பதே புத்திசாலித்தனம்.

வக்கீலுக்குப் பணமில்லை என்று தயங்க வேண்டாம். பெண்கள், ஆதிதிராவிடர், பழங்குடியினர், ஊனமுற்றோர், குறைந்த வருமானம் உள்ளோர் ஆகியோருக்கு 1987-ஆம் ஆண்டுச் சட்டப்படி இலவச சட்ட உதவி உண்டு. 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்து கேட்கலாம். மக்கள் நீதிமன்றத்தில் சமாதானம் பேசி விரைவில் தொகை பெறவும் இடமுண்டு.

ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் எதிர்த்தரப்பார் பேச வந்தால் மரியாதையாகக் கேட்டுக் கொள்ளலாம். ஆனால் வெற்றுத் தாளிலோ, “இனி எவ்வித உரிமையும் கோர மாட்டேன்” என்று எழுதிய தாளிலோ கையெழுத்துப் போடக் கூடாது. முறிந்த எலும்பு சேர்ந்து, மறுபடி தோட்டத்தில் இறங்கிப் பார்க்கும்போதுதான் நஷ்டம் எவ்வளவு என்பது தெரியவரும். அதுவரை பொறுப்பதால் ஒன்றும் கெட்டுவிடாது. அவசரப்பட்டுக் கையெழுத்திட்டால் பல ஆண்டு உழைப்பின் மதிப்பு சில ஆயிரம் ரூபாயில் முடிந்து போகும்.