முன்னச்சுக் கட்டுரையை மேற்கோள் காட்டலாமா?

இடுபணிக்குத் தகவல் தேடும் மாணவர்கள் கேட்பதுண்டு: "சார், இதுவும் விஞ்ஞானிங்க எழுதினதுதானே, ஏன் போடக் கூடாது?" நியாயமான கேள்விதான். 2020-இல் நடந்த ஒன்றைப் பார்ப்போம்.

மலேசியாவில் முதல் கோவிட் நோயாளிகள் உறுதியாகி ஒரு வாரம்கூட ஆகவில்லை. ஜனவரி 31 அன்று டில்லி ஐ.ஐ.டி. ஆய்வாளர்களும் சிலரும் 'பயோஆர்க்கைவ்' தளத்தில் ஒரு கட்டுரையை ஏற்றினார்கள். புதிய கிருமியின் புரதத்தில் உள்ள நான்கு சிறு துண்டுகள் எச்.ஐ.வி. புரதங்களை ஒத்திருக்கின்றன, இது தற்செயலாக இருக்காது என்றார்கள். 'கிருமியை யாரோ செஞ்சு விட்டுட்டாங்க' என்ற வதந்திக்கு இது தீனியானது. மற்ற ஆய்வாளர்கள் உடனே மறுத்தார்கள்: அவ்வளவு குட்டித் துண்டுகள் எத்தனையோ உயிர்களின் புரதங்களிலும் உண்டு. இரண்டு நூல்களில் 'வந்தான்' என்ற சொல் இருப்பதால் ஒன்றைப் பார்த்து மற்றது எழுதப்பட்டது என்போமா? பிப்ரவரி 2-இல் எழுதியவர்களே கட்டுரையை மீட்டுக்கொண்டார்கள்.

இப்படி, ஆய்விதழின் நடுவர்கள் படிப்பதற்கு முன்பே பொதுவில் வைக்கப்படுவதுதான் முன்னச்சு. துறை வல்லுநருக்கு அது பயன்படும். பிழையை அவரே கண்டுகொள்வார். கலைக்களஞ்சியம் படிப்பவரோ எழுதியதை அப்படியே நம்புகிறவர். அதனால்தான் விக்கிப்பீடியா, முன்னச்சைப் பொதுவாக ஒருவர் தாமே வெளியிட்டுக்கொண்ட எழுத்தாகவே கருதுகிறது.

சரி, நடுவர் பார்த்துவிட்டால் போதுமா? போதாது. அதே ஆண்டு மே 22-இல் 'லான்செட்' இதழ், ஹைட்ராக்சிகுளோரோகுயின் மருந்து கோவிட் நோயாளிகளுக்குக் கேடு செய்யலாம் என்று காட்டும் ஆய்வை வெளியிட்டது. 96,032 நோயாளிகளின் தரவு என்றார்கள். நடுவர்கள் படித்த கட்டுரைதான். ஆனால் மூலத் தரவைச் சரிபார்க்கக் கேட்டபோது அது கிடைக்கவில்லை. ஜூன் 4-இல் கட்டுரை திரும்பப் பெறப்பட்டது. நடுவர்கள் பொதுவாகக் கட்டுரையைத்தான் படிக்கிறார்கள், ஆய்வை மறுபடி செய்து பார்ப்பதில்லை.

ஆகவே ஒரே ஒரு புதிய ஆய்வைவிட, பல ஆய்வுகளை எடைபோட்டு எழுதிய மீளாய்வுக் கட்டுரையோ பாடநூலோ மேல். தமிழாய்வுக்கு மலாயாப் பல்கலைக்கழக இந்திய ஆய்வியல் துறையின் 'தமிழ்ப் பேராய்வு' போன்ற ஆய்விதழ்களிலிருந்து தொடங்கலாம். புலனத்தில் வந்த பி.டி.எஃப். மட்டும் கையில் இருந்தால், கட்டுரையின் சொந்தப் பக்கத்தைத் திறந்து 'வித்ட்ரான்', 'ரிட்ராக்டட்' என்ற குறிப்பு இருக்கிறதா என்று பாருங்கள். பழைய பி.டி.எஃப்.பில் அது தெரியாது. முன்னச்சைத் தவிர்க்கவே முடியாவிட்டால், அது முன்னச்சு என்பதையும் பதிப்பு எண்ணையும் வாக்கியத்திலேயே சொல்லிவிடுங்கள்.