திரையில் தெரியாதவர்கள்

கோயில் திருவிழாவையோ கிரிக்கெட் ஆட்டத்தையோ தொலைக்காட்சியில் நேரடியாகப் பார்க்கிறோம். அறிவிப்பாளரின் முகம் தெரிகிறது. அவருடைய காதுக்குள் ஒலிக்கும் நெறியாளரின் குரல் நமக்குக் கேட்பதில்லை.

ஒளிபரப்பு வாகனத்துக்குள் ஒவ்வொரு கமராவின் படமும் தனித்தனித் திரையில் ஓடும். அடுத்த படம் எது என்று நெறியாளர் சொன்னதும் ஒருவர் பொத்தானை அழுத்துவார். இன்னொருவர் நாதஸ்வரத்தையும் வர்ணனையையும் அளவாகக் கலப்பார். கேபிள் இழுப்பவர்களும் மின்பிறப்பாக்கியைக் கவனிப்பவர்களும் எல்லோருக்கும் முன்பே வந்துவிடுவார்கள். பதிவு நிகழ்ச்சியில் பிழையை வெட்டி எறியலாம். நேரலையில் அதற்கு வழியில்லை.

அந்தப் படம் வீட்டு அன்டெனாவுக்கு வந்துசேரக் கோபுரமும் வேண்டும். இலங்கையின் வன்னியில் ஏ-9 வீதியோரம், மாங்குளத்துக்கும் கிளிநொச்சிக்கும் இடையே கொக்காவிலில் அப்படியொரு கோபுரம் நிற்கிறது. அங்கிருந்த பழைய ஒளிபரப்பு நிலையம் 1990இல் போரில் அழிந்தது. சுமார் 170 மீற்றர் உயரமான புதிய கோபுரம் 2011 ஜூனில் திறந்துவைக்கப்பட்டது.

நிகழ்ச்சி முடிவில் ஓடும் பெயர்களை இனி ஒருமுறை வாசித்துப் பாருங்கள். அந்த உழைப்புக்கு நாம் செய்யக்கூடிய மரியாதை அது.