புராஸ்டேட் வீக்கம்: அன்று அடைத்த பின், இன்று அதற்கு முன்பே

நூறு ஆண்டுகளுக்கு முன்பு, புராஸ்டேட் சுரப்பியின் வீக்கம் முற்றிய ஒரு பெரியவரை மருத்துவரிடம் கொண்டுவரும்போது கண்டுபிடிக்க அநேகமாக எதுவும் மிச்சமிருக்காது. சிறுநீர் அடியோடு அடைத்திருக்கும். அடிவயிறு தொப்புள்வரை உப்பியிருக்கும். வலியில் உட்காரவும் முடியாது, படுக்கவும் முடியாது. மருத்துவர் ஒரு குழாயைச் செலுத்தி நீரை வடிப்பார். குழாய் எங்கே இடறுகிறது, எவ்வளவு நீர் வடிகிறது என்பதே பரிசோதனை. அந்த வடிப்பே சிகிச்சையும்கூட.

அந்தக் குழாய்க்கு நீண்ட வரலாறு உண்டு. 1752இல் அமெரிக்காவின் பெஞ்சமின் பிராங்க்ளின், சிறுநீர்த் தொல்லையில் தவித்த தன் அண்ணனுக்காக வளையக்கூடிய வெள்ளிக் குழாய் ஒன்றைச் செய்ய வைத்தார். 19ஆம் நூற்றாண்டில் பிரான்சின் நெலட்டான் ரப்பர் குழாயைக் கொண்டுவந்தார். இன்று எல்லா மருத்துவமனைகளிலும் ‘யூரின் டியூப்’ என்று சொல்லப்படும், நுனியில் பலூன் வைத்த குழாய் 1930களில் அமெரிக்க மருத்துவர் ஃபோலி உருவாக்கியது. குழாய் மெலிந்தது, மென்மையானது. ஆனால் நோயாளி அடைப்பு வந்த பிறகே வந்தார்.

அந்தக் காலத்து அறுவை மருத்துவர்களில் பீட்டர் ஃபிரையரை இங்கே சொல்லியாக வேண்டும். அயர்லாந்துக்காரர். இந்திய மருத்துவப் பணியில் சுமார் இருபது ஆண்டுகள் இங்கே இருந்து, சிறுநீர்ப்பைக் கல் சிகிச்சையில் பெயர் பெற்றவர். பின்னர் லண்டனுக்குத் திரும்பி, வீங்கிய புராஸ்டேட்டைச் சிறுநீர்ப்பை வழியாக எடுக்கும் அறுவையை 1901இல் உலகறியச் செய்தார். கத்தியை எடுக்கும் முன் அவர் காலத்து மருத்துவர் நம்பியிருந்தவை மூன்று: ஆசனவாய் வழியே தொட்டுப் பார்க்கும் விரல், உள்ளே மிஞ்சிய நீரை அளக்கும் குழாய், 1877இல் ஜெர்மனியின் நிட்ஸே செய்துகாட்டிய, சிறுநீர்ப்பைக்குள் பார்க்கும் சிஸ்டோஸ்கோப். நிட்ஸேயின் அந்த முதல் சிஸ்டோஸ்கோப்பின் நுனியில் மின்சாரத்தால் பழுக்கக் காய்ந்த பிளாட்டினக் கம்பிதான் விளக்கு. அதன் சூடு சிறுநீர்ப்பையைச் சுட்டுவிடாமல் இருக்கத் தண்ணீரை ஓடவிட்டுக் குளிர்விக்க வேண்டியிருந்தது.

இன்று அந்த மூன்றோடு இன்னும் பல சேர்ந்திருக்கின்றன. ஒவ்வொன்றும் எங்கிருந்து எங்கே வந்திருக்கிறது என்று பார்த்தால், ‘முற்றிய நோய்’ என்று மருத்துவர்கள் சொல்வதன் பொருளே மாறியிருப்பது தெரியும்.

கேள்வி

அன்று ‘ஒன்றுக்கு எப்படிப் போகிறது?’ என்று பொதுவாகக் கேட்பார்கள். ‘கொஞ்சம் கஷ்டமாத்தான் இருக்கு’ என்று பதில் வரும். அந்தக் கஷ்டம் எவ்வளவு என்பது கேட்பவரின் ஊகம்.

1992இல் அமெரிக்கச் சிறுநீரகவியல் சங்கம் ஏழு கேள்விகள் கொண்ட ஒரு பட்டியலை வெளியிட்டது. போன பிறகும் மிச்சமிருப்பது போலத் தோன்றுகிறதா, இரண்டு மணி நேரத்துக்குள் மறுபடி போக வேண்டியிருக்கிறதா, விட்டு விட்டு வருகிறதா, அடக்க முடியாமல் அவசரமாகிறதா, வேகம் குறைந்திருக்கிறதா, முக்க வேண்டியிருக்கிறதா, இரவில் எத்தனை முறை எழுகிறீர்கள்? கடந்த ஒரு மாதத்தை வைத்து ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 5 வரை மதிப்பெண். மொத்தம் 35. 7 வரை லேசானது, 8 முதல் 19 வரை நடுத்தரம், 20 முதல் 35 வரை கடுமை. இதோடு எட்டாவதாக, ‘காலம் முழுக்க இப்படியே இருந்தால் உங்களுக்கு எப்படி இருக்கும்?’ என்ற கேள்வியும் சேர்ந்ததுதான் இன்று உலகெங்கும் புழங்கும் ஐ.பி.எஸ்.எஸ். படிக்கத் தெரியாதவர்களுக்காக, படங்களைக் காட்டிக் கேட்கும் பட்டியல் ஒன்றைத் தென்னாப்பிரிக்க மருத்துவர்கள் 2011இல் வெளியிட்டார்கள். நீர் பாயும் தாரையின் படங்களில் தன்னுடையதைத் தொட்டுக் காட்டினால் போதும்.

நம் ஊர் ஓ.பி.யில் இந்தக் கேள்விகள் கேட்கப்படும் விதம் தனி.

‘ராத்திரி எத்தனை வாட்டி எந்திரிக்கிறீங்க ஐயா?’

‘ஒண்ணு, ரெண்டு வாட்டி இருக்கும் டாக்டர். வயசானா அப்படித்தானே.’

பக்கத்தில் நிற்கும் மனைவி பொறுக்க மாட்டார். ‘அஞ்சு வாட்டி எந்திரிக்கிறாரு டாக்டர். பஸ்ஸுல போகணும்னு பயந்துகிட்டு பேத்தி கல்யாணத்துக்கே வரலை.’

அந்த ஒரு வாக்கியத்தில் மதிப்பெண் எங்கோ ஏறிவிடும். இதனால்தான் நல்ல மருத்துவர்கள் உடன் வந்தவரையும் பேச விடுகிறார்கள். மூன்று நாட்களுக்கு எப்போது, எத்தனை மில்லி போனது என்று அளந்து எழுதிவரவும் சொல்வார்கள். ஒரு நாளில் வரும் சிறுநீரில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இரவிலேயே வருகிறது என்றால், குற்றவாளி புராஸ்டேட்டாக இல்லாமல் இதயமாகவோ, கால் வீக்கமாகவோ, படுக்கும் முன் குடித்த தண்ணீராகவோ இருக்கலாம்.

விரல்

நூறு ஆண்டுகளில் மாறாமல் நிற்பது இது ஒன்றுதான். இடப்பக்கமாகப் படுக்க வைத்து, முழங்காலை மடக்கச் சொல்லி, உறையிட்ட ஆட்காட்டி விரலில் ஜெல் தடவி ஆசனவாய் வழியே தொட்டுப் பார்ப்பது. ஒரு நிமிடம்கூட ஆகாது. சாதாரண வீக்கம் மூக்கின் நுனியைத் தொடுவது போல வழுவழுப்பாக, அழுத்தினால் கொஞ்சம் இசையும். நெற்றியைத் தொடுவது போலக் கெட்டியாக, முடிச்சோடு தட்டுப்பட்டால் புற்றுநோய்ச் சந்தேகம். அதே நேரத்தில் ஆசனவாய்த் தசையின் இறுக்கத்தையும் பார்த்துவிடுவார்கள். அது தளர்ந்திருந்தால் கோளாறு நரம்பில் இருக்கலாம்.

விரலுக்கும் எல்லை உண்டு. புராஸ்டேட்டின் பின்பக்கம் மட்டுமே அதற்கு எட்டும். மேலே சிறுநீர்ப்பைக்குள் துருத்திக்கொண்டு வளரும் நடுப்பகுதி விரலுக்குத் தெரியாது. பையின் வாசலை அடைப்பதில் முன்னால் நிற்பது பல நேரங்களில் அதுதான்.

படம்

1929இல் ரத்தத்தில் மருந்து ஏற்றி எக்ஸ்ரே எடுக்கும் முறை பெர்லினில் மோசஸ் ஸ்விக் என்ற இளம் மருத்துவரின் உழைப்பால் நடைமுறைக்கு வந்தது. நம் ஊரில் ‘ஐ.வி.பி.’ என்றால் அறுபது வயது தாண்டிய பலருக்கு நினைவிருக்கும். முதல் நாள் இரவு பேதி மருந்து, காலையில் வெறும் வயிறு, ஊசி, பிறகு நிமிடக் கணக்கில் அடுத்தடுத்துப் படங்கள். புராஸ்டேட் நேராகத் தெரியாது. சிறுநீர்ப்பையின் அடித்தளம் மேலே தூக்கிக்கொண்டிருப்பதை வைத்து ‘பெரிதாக இருக்கிறது’ என்று ஊகிப்பார்கள். சிறுநீரகம் ஏற்கெனவே தளர்ந்தவருக்கு அந்த அயோடின் மருந்தே ஆபத்தாகவும் முடியும்.

அல்ட்ராசவுண்ட் வந்து அதை ஓரங்கட்டியது. 1960களின் இறுதியில் ஜப்பானின் ஹிரோகி வடனபே ஆசனவாய் வழியே புராஸ்டேட்டைப் படமெடுத்துக் காட்டினார். இன்று பெரும்பாலானவர்களுக்கு வயிற்றின்மேல் வைத்துப் பார்க்கும் ஸ்கேனே போதும். வளர்ந்த ஆணின் புராஸ்டேட் சுமார் 20 கிராம். அறிக்கையில் 60, 80 என்று எண்ணைக் கண்டதும் வீடே கலங்கிப்போகிறது. கலங்க வேண்டியது அந்த எண்ணுக்காக அல்ல. 90 கிராம் இருந்தும் தாராளமாகப் போகிறவர்கள் உண்டு. 30 கிராமிலேயே அடைத்து நிற்பவர்களும் உண்டு. மருத்துவர் அறிக்கையில் தேடுவது வேறு: சிறுநீர்ப்பைக்குள் சுரப்பி எத்தனை மில்லிமீட்டர் துருத்துகிறது (10க்கு மேல் என்றால் அடைப்பு இருக்க வாய்ப்பு அதிகம்), பைச்சுவர் தடித்திருக்கிறதா, கல் உண்டா, இரண்டு சிறுநீரகங்களும் வீங்கியிருக்கின்றனவா, போன பிறகு எத்தனை மில்லி மிச்சம்.

இந்தக் கடைசி அளவில் ஒரு எச்சரிக்கை. ‘தண்ணி நல்லா குடிங்க, முட்டினா சொல்லுங்க’ என்று ஸ்கேன் சென்டரில் உட்கார வைப்பார்கள். கூட்டத்தில் முறை வர ஒரு மணி நேரம் ஆகும். அதற்குள் பை தாங்கும் அளவைத் தாண்டி நிரம்பிவிடும். அப்படி நிரம்பிய பை ஒரே தடவையில் முழுக்கக் காலியாகாது; மிச்சம் அதிகமாகவே காட்டும். ஆகவே நெருக்க ஆரம்பித்ததும் எழுந்து சொல்லுங்கள். அளவு பெரிதாக வந்தால், மறுபடி ஒருமுறை போய்விட்டு வந்து பார்க்கச் சொல்லிக் கேட்பது உங்கள் உரிமை.

ஓட்டம்

பழைய மருத்துவர்கள் நோயாளியைப் போகச் சொல்லிக் கண்ணால் பார்த்தார்கள். 1948இல் அமெரிக்காவின் டிரேக் ஓட்டத்தின் வேகத்தைக் காகிதத்தில் பதியும் கருவியைச் செய்தார். இன்று அது ‘யூரோஃப்ளோ’. தனி அறையில் புனல் வைத்த ஒரு நாற்காலி. கதவைச் சாத்திவிட்டு வழக்கம்போலப் போக வேண்டியதுதான். வரைபடம் தானே வரும். சீராக எழுந்து இறங்கும் மேடு நல்லது. தாழ்வாக, நீண்டு, தேய்ந்துகொண்டே போகும் கோடு அடைப்பைச் சொல்லும். மட்டமாக ஒரே உயரத்தில் ஓடினால், புராஸ்டேட்டைவிடச் சிறுநீர்ப்பாதைச் சுருக்கத்தின் மேல்தான் சந்தேகம். உச்ச வேகம் நொடிக்கு 15 மில்லிக்கு மேல் என்றால் பொதுவாக நிம்மதி, 10க்குக் கீழ் என்றால் கவனம். 150 மில்லியாவது போயிருந்தால்தான் இந்தக் கணக்கு செல்லும்.

ஆனால் வேகம் குறைந்ததற்குக் காரணம் அடைத்த வழியா, தளர்ந்த பையா என்று இந்தக் கோடு சொல்லாது. சர்க்கரை நோய் மலிந்த நம் ஊரில் இது பெரிய கேள்வி. பல ஆண்டுகள் கட்டுக்குள் வராத சர்க்கரை, பையின் நரம்பையே மரத்துப்போகச் செய்யும். அப்படிப்பட்டவருக்கு அறுவை செய்தால் வழி திறக்கும். தள்ளும் பலம் வராது. இங்கேதான் மெல்லிய குழாய்களைப் பையிலும் ஆசனவாயிலும் வைத்து அழுத்தத்தை அளக்கும் யூரோடைனமிக்ஸ் உதவுகிறது. எல்லோருக்கும் அது தேவையில்லை. பிரிட்டனில் 26 மருத்துவமனைகளில் நடந்து 2020இல் வெளியான ஆய்வில், அதை எல்லோருக்கும் செய்ததால் அறுவைகளின் எண்ணிக்கை குறையவில்லை என்று தெரிந்தது. குழப்பமான நிலையில் மட்டும் செய்வது போதும்.

ரத்தம்

அன்று யூரியா பார்ப்பார்கள்; அதுவும் சோர்வும் வாந்தியும் வந்த பிறகு. இன்று கிரியாட்டினின், சர்க்கரை, சிறுநீரில் கிருமியும் ரத்தமும் என்று முதல் நாளிலேயே தெரிந்துவிடும். சிறுநீரில் ரத்தம் இருந்தால் புராஸ்டேட் மீது பழியைப் போட்டு விட்டுவிடக் கூடாது. சிறுநீர்ப்பைப் புற்றுநோய் இல்லை என்று உறுதி செய்தாக வேண்டும்.

1979இல் பிரித்தெடுக்கப்பட்ட பி.எஸ்.ஏ. என்ற புரதத்தை ரத்தத்தில் அளக்கும் சோதனை, 1994இல் அமெரிக்காவில் விரல் சோதனையோடு சேர்த்துப் புற்றுநோயைக் கண்டறியவும் அனுமதிக்கப்பட்டது. ‘4க்கு மேல் என்றால் கேன்சர்’ என்பது தவறான நம்பிக்கை. சாதாரண வீக்கத்திலும், கிருமித் தொற்றிலும், அடைப்பு வந்து குழாய் போட்ட பிறகும் அந்த அளவு ஏறும். மாறாக, புராஸ்டேட்டைச் சுருக்கும் ஃபினாஸ்டரைடு மாத்திரை சாப்பிடுபவருக்கு ஆறு மாதம், ஒரு வருடத்தில் ஏறக்குறையப் பாதியாகக் குறைந்துவிடும். உண்மை அளவை அறிய மருத்துவர் அதை இரட்டிப்பாக்கிப் பார்ப்பார். ஆகவே என்ன மாத்திரை சாப்பிடுகிறீர்கள் என்பதை மறைக்காதீர்கள்.

எது கடுமை?

இத்தனை சோதனைகளும் கற்றுத்தந்த பாடம் ஒன்று உண்டு. அலறிக்கொண்டு வருகிறவர் மட்டுமே ஆபத்தில் இருப்பவர் அல்ல. வலியே இல்லாமல், பையில் ஒரு லிட்டர்வரை தேங்கி, சிறுநீரகங்கள் மெல்ல வீங்கி, கிரியாட்டினின் ஏறிக்கொண்டிருக்கும் ஒருவர், ‘ராத்திரி படுக்கை நனைஞ்சிடுது’ என்று வெட்கத்தோடு மட்டும் சொல்வார். அல்லது அதையும் சொல்ல மாட்டார். வேட்டியை அவரே ரகசியமாக அலசிப் போட்டுவிடுவார். வயதான ஆணுக்குப் புதிதாகப் படுக்கை நனைகிறது என்றால், அது பை நிரம்பி வழிவதாக இருக்கலாம். ஏழு கேள்விகளில் அவர் வாங்கும் மதிப்பெண் குறைவாகக்கூட இருக்கும். அவரைக் காப்பாற்றுவது அடிவயிற்றைத் தட்டிப் பார்க்கும் மருத்துவரின் கையும், ஒரு ஸ்கேனும், ஒரு ரத்தப் பரிசோதனையும்தான்.

ஐம்பதுகளில் இருக்கும் ஆண்களில் சுமார் பாதிப் பேருக்கும், எண்பதைத் தாண்டியவர்களில் பெரும்பாலோருக்கும் இந்தச் சுரப்பியில் வளர்ச்சி இருக்கும். ஆகவே இது ஒருவர் வீட்டுக் கதை அல்ல, வெட்கப்படுவதற்கும் ஒன்றுமில்லை. நூறு ஆண்டு மருத்துவம் ஈட்டித் தந்திருப்பது, அடைப்பு வருவதற்கு முன்பே அறிந்துகொள்ளும் வசதி. மாவட்டத் தலைமை மருத்துவமனையிலேயே ஸ்கேனும் ரத்தப் பரிசோதனையும் கிடைக்கும் காலம் இது. அப்படியிருந்தும் ‘வயசானா அப்படித்தான்’ என்ற ஒரு சொல்லால் நம் அப்பாக்களும் தாத்தாக்களும் இன்னும் நூறு ஆண்டு பின்னால் நிற்கிறார்கள்.

இரவில் இரண்டு மூன்று முறைக்கு மேல் எழ வேண்டியிருந்தால், முக்கினால்தான் வருகிறது என்றால், அடுத்த வாரம் என்று தள்ளாமல் போய்க் காட்டுங்கள். சிறுநீரில் ரத்தம், காய்ச்சலோடு கடுப்பு, படுக்கை நனைதல் இருந்தால் அன்றைக்கே போங்கள். அடியோடு அடைத்துவிட்டால் அந்த நிமிடமே. புராஸ்டேட் தொல்லை உள்ளவர்கள் சளிக்குக் கடையில் தாமாக மாத்திரை வாங்க வேண்டாம்; அவற்றில் சில, அடைப்பை ஒரே இரவில் வரவழைக்கும். வீட்டில் இருக்கும் மற்றவர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: அப்பா சொல்வார் என்று காத்திருக்காதீர்கள். நீங்களே கேளுங்கள்.