ஒண்ணாம் தேதி வெள்ளிக்கிழமை!

புது காலண்டர் கைக்கு வந்ததும் முதலில் எதைத் தேடுவீர்கள்? லீவு நாட்களை! ஆகஸ்ட் 15 ஞாயிற்றுக்கிழமையில் விழுந்திருந்தால் வயிற்றெரிச்சல்.

டோல்கீன் எழுதிய 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' கதையின் ஹாபிட் குள்ளர்களுக்கு இந்தக் கவலையே கிடையாது. 1955-ல் வெளியான மூன்றாம் பாகத்தின் பின்னிணைப்பில் அவர்களுக்கென்று தனி காலண்டரே போட்டுக் கொடுத்திருக்கிறார் மனுஷன்!

மாதம் 30 நாள். 12 மாதத்துக்கு 360. மிச்சம் 5 நாள் எந்த மாதத்திலும் சேராது. வருஷக் கடைசியில் ஒன்று, ஆரம்பத்தில் ஒன்று, நடுவில் மூன்று. அந்த மூன்றில் நடு நாளுக்குக் கிழமையே இல்லை! லீப் வருஷத்தில் கூடும் நாளுக்கும் அப்படியே. பாக்கி 364-ஐ ஏழால் வகுங்கள். மீதி சைபர். (பி.காம். படித்தவனுக்கு, டாலி ஆகிற கணக்கைப் பார்த்தாலே ஒரு சுகம்.) ஆக, ஒரு தேதிக்கு என்றைக்கும் ஒரே கிழமைதான்.

அவர்களுக்கு வெள்ளிதான் லீவு, சாயங்காலம் விருந்து. எந்த மாதமும் வெள்ளியில் பிறக்காது. அதனால் 'ஒண்ணாம் தேதி வெள்ளிக்கிழமை' என்றால், வரவே வராத நாள் என்று கிண்டல்!

நிஜ உலகிலும் கிழமையில்லா நாளை நுழைக்கப் பார்த்தார்கள். 'உலகக் காலண்டர்' என்ற அந்த யோசனையை ஐ.நா.வுக்குக் கொண்டுபோனது இந்தியாதான். ஏழு நாளுக்கொரு தரம் வரும் பிரார்த்தனை நாள் தடம் மாறிவிடும் என்று மதத்தார் கொதித்தார்கள். 1955-ல் அமெரிக்கா கைவிரித்துவிட்டது.

எனக்கு வேறு கவலை. அந்த முறையில் திங்கட்கிழமை பிறந்தவன், ரிட்டயராகும் வரை பிறந்த நாளன்று ஆபீஸ் போயாகணுமே, சார்!