தொட்டாதான் ஆட முடியும்

'அல்காரிதம்ஸ்'னு ஒரு டாக்குமெண்டரி இருக்கு. பேரைப் பார்த்ததும் செமஸ்டர் பேப்பர் ஞாபகம் வந்து ஓடிடாதீங்க. இது பார்வையில்லாதவங்க ஆடுற செஸ் பத்தின படம். டைரக்டர் இயன் மெக்டொனால்ட், தயாரிப்பு கீதா ஜே. முழுக்க கறுப்பு வெள்ளையில எடுத்து, 2012-ல வெளிவந்தது.

படத்துக்குள்ள போறதுக்கு முன்னாடி, அந்த ஆட்டம் எப்படி நடக்குதுன்னு பார்த்துடலாம்.

சாதாரண செஸ்ல காயைத் தொட்டா அதை நகர்த்தியே ஆகணும். ஆனா விரல்தான் கண்ணுன்னா? தொடாம எப்படி ஆடுறது? அதுக்காகவே இந்தப் போர்டு தனி. ஒவ்வொரு கட்டத்துலயும் ஒரு ஓட்டை, காய்க்கு அடியில ஒரு முளை. கறுப்புக் கட்டங்கள் கொஞ்சம் மேடா இருக்கும். கறுப்புக் காய்களுக்கும் தடவினா தெரியுற மாதிரி அடையாளம் இருக்கும். எவ்வளவு நேரம் வேணும்னாலும் தடவிப் பார்க்கலாம். காயை ஓட்டையில இருந்து வெளிய எடுத்தாதான் 'தொட்டது' கணக்கு.

ரெண்டு பேருக்கும் தனித்தனி போர்டு. ஒருத்தர் தன் மூவை வாய்விட்டுச் சொல்லணும், எதிராளி அதைத் திருப்பிச் சொல்லி தன் போர்டுலயும் வைக்கணும். பி, டி, ஈ எல்லாம் காதுக்கு ஒண்ணு போலவே கேட்கும் இல்லையா? அதனால பெல்லா, டேவிட், ஈவான்னு பேர் வெச்சுச் சொல்றாங்க. பார்வை உள்ளவங்களோட ஆடும்போதும் இதே ஏற்பாடுதான். எதிராளிக்கு அவர் வழக்கமான போர்டு, இவருக்கு இவர் போர்டு. சலுகை மூவ் எதுவும் கிடையாது, செக்மேட்னா செக்மேட்தான்.

இந்த உலகத்துக்குள்ளதான் மெக்டொனால்ட் கேமராவோட போனார். 2009-ல ஸ்வீடன்ல நடந்த பார்வையற்ற இளையோருக்கான உலக செஸ் சாம்பியன்ஷிப்புக்குக் கொஞ்சம் முன்னாடி ஆரம்பிச்சு, 2011-ல கிரீஸ்ல நடந்த அடுத்த சாம்பியன்ஷிப் முடியற வரைக்கும் கூடவே இருந்தார். சென்னை சாய்கிருஷ்ணா, பரோடா தர்பன் இனானி, ஒடிசாவோட அனந்த்னு மூணு பசங்க. அவங்களை வழிநடத்துற சாருதத்தா ஜாதவ். ஜாதவும் முழுசா பார்வையில்லாத செஸ் வீரர்தான்.

ஏன் அத்தனை வருஷம்? ஒரே டோர்னமெண்ட்டை மட்டும் எடுத்தா, 'பாவம், கண்ணு தெரியாமலே எப்படி ஆடுறாங்க பாரு'ங்கிறதோட பார்க்கிறவங்க நின்னுடுவாங்க. வருஷக்கணக்கா கூட இருந்தாதான் அந்தப் பசங்க தோற்கிறது, வளர்றது, வீட்டோட எதிர்பார்ப்பு, படிப்பா செஸ்ஸாங்கிற குழப்பம் எல்லாம் படத்துல வரும். அப்போ 'பாவம்' போய், 'இந்த ரவுண்டு ஜெயிப்பானா'ங்கிற பதற்றம் வந்துடும். ஒரு ஆட்டக்காரனுக்குக் கொடுக்கிற மரியாதை அந்தப் பதற்றம்தான்.

படத்துல பையனா வந்த தர்பன், 2023-ல ஹாங்சோ ஆசிய பாரா விளையாட்டுல தங்கம் வாங்கினார். கேமரா அவரோட இருந்தது அதுக்குப் பல வருஷம் முன்னாடி.

நம்ம ஊர்லயும் ஆளே கண்டுக்காத ஆட்டங்கள் நிறைய இருக்குங்க. கேரம் கிளப், க்யூப் சால்வ் பண்றவங்க, ஊருக்குள்ள ஆடுபுலி ஆட்டம் தெரிஞ்ச பெரியவங்க. கையில ஃபோன் இருக்கு, எடிட் பண்ணவும் தெரியும். ஒரு நாள் போய் எடுத்துட்டு வந்தா அது ஆஃப்டர் மூவி. டாக்குமெண்டரி வேணும்னா முதல்ல ஆட்டத்தோட ரூல்ஸைக் கத்துக்கிட்டு, அவங்க அடுத்த மேட்ச்சுக்கும் போகணும். தோத்த மேட்ச்சுக்கு அடுத்த நாளும் போகணும்.